மோரிஸ் ஸ்டோக்ஸ்: மூன்று சீசன்களும் பன்னிரண்டு ஆண்டுகளும்

கேட்கப்பட்டவை மூன்று கேள்விகள். 1950களில் பென்சில்வேனியாவின் சிறிய கல்லூரி ஒன்றுக்குக் கூடைப்பந்து ஆடிய மோரிஸ் ஸ்டோக்ஸ் உண்மையிலேயே பெரிய ஆட்டக்காரரா, அல்லது களத்தில் விழுந்து 24 வயதிலேயே உடல் முடங்கிப்போன கதியைக் கேட்டு மனம் இளகித்தான் அவரைப் பெரிதாகப் பேசுகிறார்களா? பிற்பாடு தொழில்முறை அணியான ராயல்ஸில் சக வீரரான ஜாக் டுவைமன் அவரைக் கடைசி வரை பார்த்துக்கொண்டார் என்பது எவ்வளவு உண்மை? அணி நிர்வாகம் என்ன செய்துகொண்டிருந்தது?

முதல் கேள்விக்கான பதில் ஒரே சொல்லில் அடங்கும்: பெரியவர்தான். ஆனால் ஸ்டோக்ஸைப் பற்றி எழுதுகிறவர்களில் பெரும்பாலோர் 1958 மார்ச் மாதத்தில் கதையைத் தொடங்குகிறார்கள். தொடங்கியவுடன் அவர் படுக்கையில் விழுந்துவிடுகிறார். மீதிக் கதை முழுவதும் டுவைமனுடையதாகிவிடுகிறது. டுவைமன் பெரிய மனிதர், அதில் எனக்குச் சந்தேகமில்லை. இருந்தாலும் ஸ்டோக்ஸ் அந்தக் கதையில் வெறும் நோயாளியாகச் சுருங்கிப்போவது எனக்குப் பிடிப்பதில்லை. ஆகவே ஆட்டத்திலிருந்து தொடங்குகிறேன்.

அவர் பிறந்தது 1933 ஜூன் 17 அன்று, பிட்ஸ்பர்க்கை ஒட்டிய ரான்கின் என்ற ஊரில். மொனாங்கஹேலா ஆற்றங்கரையில் உருக்காலைகளை நம்பிப் பிழைத்த ஊர் அது. பெரிய ஊது உலைகள் ஊருக்குள்ளேயே இருந்தன. தந்தைக்கு ஆலையில் வேலை. தாய் வீட்டு வேலைக்குப் போனார். மோரிஸுக்கு எட்டு வயதானபோது குடும்பம் பிட்ஸ்பர்க் நகரின் ஹோம்வுட் பகுதிக்குக் குடிபெயர்ந்தது. அங்கே வெஸ்டிங்ஹவுஸ் உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்தார். அந்தப் பள்ளியைக் கவனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். 1950இல் அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ.வின் அணி ஒன்று முதன்முதலாகத் தேர்ந்தெடுத்த கறுப்பின வீரரான சக் கூப்பரும் அங்கே படித்தவர்தான். ஹோம்வுட் பையன்களுக்குக் கூடைப்பந்து வெறும் பொழுதுபோக்கு அல்ல, ஆலை வாசலுக்குப் போகாமல் தப்பிக்க ஒரு வழியும் இருக்கிறது என்று அவர்கள் கண்ணெதிரே கூப்பர் காட்டியிருந்தார்.

ஸ்டோக்ஸ் அங்கே உடனடியாகப் பெயர் எடுத்துவிடவில்லை. முதல் இரண்டு ஆண்டுகள் பெரும்பாலும் மாற்று ஆட்டக்காரராக உட்கார்ந்திருந்தவர், கடைசி இரண்டு ஆண்டுகளில்தான் முழுதாக வெளிப்பட்டார். 1950இலும் 1951இலும் பள்ளி நகரப் பட்டத்தை வென்றது. அதற்குள் அவர் வளர்ந்தும்விட்டார். பிற்பாடு அவருடைய உயரம் 6 அடி 7 அங்குலம், எடை ஏறக்குறைய 240 பவுண்டு, அதாவது 108 கிலோவுக்கு மேல். அக்காலத்தில் அந்த உடம்போடு ஒருவர் வந்தால் பயிற்சியாளர்கள் அவரை வளையத்துக்குக் கீழே நிறுத்திவிட்டு, வருகிற பந்தைப் பிடித்து மற்றவர்களிடம் கொடு என்று சொல்லிவிடுவார்கள்.

லொரெட்டோவில் அப்படிச் சொல்லவில்லை. ஸ்டோக்ஸின் வாழ்க்கையைத் தீர்மானித்தது அதுதான் என்று நினைக்கிறேன்.

லொரெட்டோ, பிட்ஸ்பர்க்கிலிருந்து கிழக்கே அலெகெனி மலைகளுக்குள் இருக்கும் சிற்றூர். அதை நிறுவியவர் ருஷ்யப் பிரபு குடும்பத்திலிருந்து வந்து பாதிரியாரான திமெத்ரியுஸ் கலிட்சின். அங்கே 1847இல் அயர்லாந்திலிருந்து வந்த பிரான்சிஸ்கன் சகோதரர்கள் தொடங்கிய கல்லூரிதான் செயின்ட் பிரான்சிஸ். எஃகுத் தொழிலின் பெருமுதலாளி சார்லஸ் ஷ்வாப் தன் கோடைக்கால மாளிகையைக் கட்டியதும் அதே ஊரில்தான். அவர் இறந்தபின் அந்த மாளிகை பிரான்சிஸ்கன்களின் கைக்கு வந்தது. உருக்காலைத் தொழிலாளியின் மகன், எஃகு முதலாளியின் மாளிகை இருந்த ஊருக்குப் படிக்கப் போனார் என்பதை யாரும் பெரிதாக எடுத்துச் சொல்வதில்லை. எனக்கு அது ஒரு சுவையான தற்செயலாகப் படுகிறது.

சிறிய கல்லூரி. நாட்டின் கூடைப்பந்து வரைபடத்தில் அதற்கு இடமே கிடையாது. பயிற்சியாளர் ஸ்கிப் ஹியூஸ். அவர் கையில் இப்படி ஒரு உடம்பும், அந்த உடம்புக்குள் ஒரு கார்டின், அதாவது பந்தைத் தட்டி ஆட்டத்தை நடத்துகிறவரின், மூளையும் கிடைத்தபோது ஸ்டோக்ஸைக் கட்டிப்போடவில்லை. எதிரணி எறிந்த பந்து வளையத்தில் பட்டுத் திரும்புகிறது. ஸ்டோக்ஸ் எழும்பிப் பிடிக்கிறார். வழக்கப்படி அந்தப் பந்தை உடனே குள்ளமான, வேகமான கார்டிடம் கொடுத்துவிட்டு மெல்ல ஓடிவர வேண்டும். ஸ்டோக்ஸ் கொடுப்பதில்லை. தானே தட்டிக்கொண்டு களத்தின் மறுமுனை வரை ஓடுவார். குறுக்கே வருகிறவர்கள் பாதித் தூரத்திலேயே பின்வாங்குவார்கள், 108 கிலோ வேகமெடுத்து வந்தால் வேறு என்ன செய்வது? அங்கே போய்த் தானே போடவும் செய்வார். ஆனால் பெரும்பாலும் பக்கவாட்டில் ஓடிவருகிற சக வீரரைப் பார்த்துப் பந்தைத் தள்ளிவிடுவார். இன்றைக்கு இதைச் செய்கிற உயரமான வீரர்கள் பலர். 1953இல் இது ஒரு விநோதம்.

நான்கு ஆண்டுகளில் அவர் சேர்த்தது 2,282 புள்ளிகள், 1,819 ரீபவுண்டுகள், அதாவது வளையத்துக்குள் விழாமல் திரும்பும் பந்தைப் பிடித்தவை. கடைசி ஆண்டில் ஆட்டத்துக்குச் சராசரியாக 27 புள்ளிகள், 26 ரீபவுண்டுகள். இந்த எண்களை யாராவது நீட்டினால் நான் கொஞ்சம் தள்ளி வைத்துத்தான் பார்ப்பேன். செயின்ட் பிரான்சிஸ் மோதிய கல்லூரிகளில் பல அதைப்போலவே சிறியவை. அவற்றில் 6 அடி 7 அங்குலத்துக்கு ஈடுகொடுக்க ஆள் இருந்திருக்காது. தவிர, அந்தக் காலத்தில் வளையத்துக்குள் விழும் எறிதல்களைவிட விழாமல் திரும்புபவையே அதிகம்; பிடிக்கக் கிடைத்த ரீபவுண்டுகளும் அதனால் அதிகம். ஆகவே கல்லூரி எண்களை மட்டும் வைத்து ஒருவரை மதிப்பிடக் கூடாது. பெரிய அணிகளோடு மோதியபோது என்ன ஆயிற்று என்று பார்க்க வேண்டும்.

அதற்கான சந்தர்ப்பம் 1955 மார்ச்சில் வந்தது. நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டன் அரங்கில் நடக்கும் என்.ஐ.டி. போட்டிக்குச் செயின்ட் பிரான்சிஸை அழைத்தார்கள். இன்றைய ரசிகருக்கு என்.ஐ.டி. என்றால் தேசியப் போட்டியில் இடம் கிடைக்காத கல்லூரிகளுக்கான ஆறுதல் போட்டி. அன்று அப்படியல்ல, நியூயார்க்கின் பத்திரிகைகளும் தொழில்முறை அணிகளின் ஆள்பிடிப்பவர்களும் உட்கார்ந்து பார்க்கும் மேடை அது. மலையிலிருந்து இறங்கி வந்த அணி முதலில் செட்டன் ஹாலை வென்றது. அடுத்து முந்தைய ஆண்டின் சாம்பியன் ஹோலி கிராஸையும் வென்றது. அரையிறுதியில் டேட்டன் பல்கலைக்கழகம். அந்த ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போய் 79-73 என்று கையைவிட்டுப் போனது. செயின்ட் பிரான்சிஸின் 73 புள்ளிகளில் 43 ஸ்டோக்ஸுடையவை.

மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்திலும் தோற்று, அணி நான்காவதாக முடித்தது. ஆனாலும் போட்டியின் சிறந்த வீரர் விருதை ஸ்டோக்ஸுக்குத்தான் கொடுத்தார்கள். கோப்பையை வென்ற டுகேன் பல்கலைக்கழகத்தில் டிக் ரிக்கெட்ஸ், சிஹ்யூகோ கிரீன் என்று இரண்டு பெரும்புள்ளிகள் இருந்தும் அப்படி. அந்த மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் எதிரே நின்றது சின்சினாட்டி பல்கலைக்கழகம். அதன் முன்னணி ஆட்டக்காரர், பிட்ஸ்பர்க்கில் வேறொரு பள்ளியில் படித்துவிட்டு அங்கே போயிருந்த ஜாக் டுவைமன்.

அதே ஆண்டு, கல்லூரி முடித்தவர்களை என்.பி.ஏ. அணிகள் வரிசைப்படி எடுத்துக்கொள்ளும் வீரர் தேர்வில், முதல் இடத்தில் ஹாக்ஸ் அணி ரிக்கெட்ஸை எடுத்துக்கொண்டது. இரண்டாவதாக ராசெஸ்டர் ராயல்ஸ் ஸ்டோக்ஸை எடுத்தது. அடுத்த சுற்றில் அதே ராயல்ஸ் டுவைமனையும் எடுத்தது. இந்த வரிசையில் பிற்காலத்தின் பெரிய கதை ஒளிந்திருக்கிறது; ஆனால் 1955இல் அது யாருக்கும் தெரிய வாய்ப்பில்லை.

என்.பி.ஏ. என்றால் அன்று எட்டே அணிகள். 24 விநாடிக்குள் பந்தை எறிந்தாக வேண்டும் என்ற விதி வந்து ஓராண்டுதான் ஆகியிருந்தது; ஆட்டம் திடீரென்று வேகமெடுத்திருந்தது. அந்த வேகத்துக்குள் ஸ்டோக்ஸ் வந்து இறங்கினார். முதல் ஆட்டம் நியூயார்க் நிக்ஸுக்கு எதிராக: 32 புள்ளிகள், 20 ரீபவுண்டுகள், 8 அசிஸ்டுகள் (சக வீரர் புள்ளி எடுக்கக் கைமாற்றிய பந்துகள்). அந்த சீசன் முழுவதும் சராசரி 16.8 புள்ளிகள், 16.3 ரீபவுண்டுகள், ஆண்டின் சிறந்த புதுமுகம் என்ற விருது. மறு சீசனில் 1,256 ரீபவுண்டுகள் எடுத்தார். ஒரே சீசனில் அதுவரை யாரும் அத்தனை எடுத்ததில்லை. மூன்றாவது சீசனில் ஆட்டத்துக்கு 18 ரீபவுண்டுகள், அசிஸ்டுகளோ 6.4. ரீபவுண்டு, அசிஸ்ட் என்ற இரண்டு பட்டியல்களிலும் முதல் மூன்று பேருக்குள் ஒரே ஆள் நிற்பது எவ்வளவு அபூர்வம் என்பதைக் கூடைப்பந்து பார்க்கிறவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. முதலாவது பலசாலிகளின் பட்டியல். இரண்டாவது பந்தைக் கையில் வைத்து ஆட்டத்தை நடத்துகிறவர்களின் பட்டியல்.

1956 வீரர் தேர்வைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை. அந்த ஆண்டு முதல் தேர்வு ராயல்ஸுக்கு. சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தை இரண்டு முறை தேசிய சாம்பியனாக்கிய பில் ரஸ்ஸல் கையெட்டும் தூரத்தில் இருந்தார். உரிமையாளர் லெஸ் ஹாரிசன் அவரை விட்டுவிட்டு டுகேனின் சிஹ்யூகோ கிரீனை எடுத்தார். ரஸ்ஸல் கேட்கக்கூடிய சம்பளம் ஒரு காரணம். ரீபவுண்டு எடுக்கத்தான் ஸ்டோக்ஸ் இருக்கிறாரே, இன்னொருவர் எதற்கு என்பது இன்னொன்று. ரஸ்ஸல் பாஸ்டனுக்குப் போய் 13 சீசன்களில் 11 பட்டங்கள் வாங்கிக் கொடுத்தார். ஹாரிசனை இதற்காக இன்றுவரை கேலி செய்கிறார்கள். நான் அவர் பக்கம் கொஞ்சம் சாய்வேன். 1956இல் ஸ்டோக்ஸைத் தினமும் பார்த்துக்கொண்டிருந்த ஒருவருக்கு, வளையத்தடியில் இனி ஆள் தேவையில்லை என்று தோன்றியது மடத்தனமாகாது. அணிக்கு வேண்டியது கார்டு என்ற கணக்கு, ஸ்டோக்ஸ் பத்தாண்டுகள் ஆடுவார் என்ற நம்பிக்கையின் மேல் நின்றது.

ராசெஸ்டரில் டிக்கெட் வாங்குகிறவர்கள் குறைந்துகொண்டே வந்தார்கள். 1957இல் அணி மூட்டை முடிச்சோடு சின்சினாட்டிக்கு நகர்ந்தது. இது வெறும் வியாபார முடிவு. ஆனால் பின்னால் நடந்த அத்தனைக்கும் இதுதான் ஆணிவேர் என்பது என் கருத்து. சின்சினாட்டி டுவைமன் படித்த ஊர். சீசன் முடிந்தபின்னும் அவருக்கு வீடும், காப்பீட்டு நிறுவனத்தில் வேலையும் அங்கேதான். அன்று என்.பி.ஏ. வீரர்கள் கோடையில் வேறு வேலை பார்த்துத்தான் குடும்பம் நடத்தினார்கள். சீசன் முடிந்ததும் அவரவர் சொந்த ஊருக்குப் போய்விடுவார்கள். அணி ராசெஸ்டரிலேயே இருந்திருந்தால் 1958 ஏப்ரலில் ஸ்டோக்ஸின் கட்டிலருகே யார் நின்றிருப்பார்கள் என்று சொல்ல முடியவில்லை.

1958 மார்ச் 12, வழக்கமான சீசனின் கடைசி ஆட்டம். இடம் மினியாபொலிஸ், எதிரணி லேக்கர்ஸ். ஸ்டோக்ஸ் பந்தோடு வளையத்தை நோக்கிப் பாய்ந்தார். மேலே எழும்பியவர் எதிரணி வீரருடன் மோதி நிலைகுலைந்து கீழே விழுந்தார். தலை தரையில் மோதியது. நினைவு தப்பிவிட்டது. மூக்கருகே அம்மோனியா உப்பைக் காட்டி எழுப்பினார்கள். எழுந்தார். திரும்பக் களத்தில் இறங்கி ஆட்டத்தை முடித்தும் கொடுத்தார்.

இதைப் படிக்கும்போது இன்றைக்கு நமக்குப் பகீரென்கிறது. அன்று யாருக்கும் அது வழக்கத்துக்கு மாறானதாகத் தெரியவில்லை. வெளியூர் ஆட்டங்களுக்கு அணியோடு மருத்துவர் போகும் வழக்கம் கிடையாது. தலையில் அடிபட்டவரைச் சில நாட்கள் ஆடவிடக் கூடாது என்ற விதியும் கிடையாது. எழுந்து நடக்கிறாரா, பேசுகிறாரா, சரி, ஆடலாம். அவ்வளவுதான் பரிசோதனை.

மூன்று நாள் கழித்து, மார்ச் 15 அன்று டெட்ராய்டில் பிஸ்டன்ஸுக்கு எதிராக நாக்அவுட் சுற்றின் முதல் ஆட்டம். ஸ்டோக்ஸ் 12 புள்ளிகளும் 15 ரீபவுண்டுகளும் எடுத்தார். அந்த எண்களைப் பார்த்தால் உடம்புக்கு ஒன்றுமில்லை என்றுதான் தோன்றும். ஆனால் அன்று முழுக்க அவர் மந்தமாகவே இருந்தார் என்று உடன் ஆடியவர்கள் பிறகு சொன்னார்கள். இரவு விமானத்தில் சின்சினாட்டிக்குத் திரும்பும்போது வாந்தி எடுத்தார், வியர்த்துக் கொட்டியது. செத்துவிடுவேன்போல இருக்கிறது என்று சக வீரர் ஒருவரிடம் சொன்னார். பிறகு வலிப்பு. விமானப் பணிப்பெண் பிராணவாயு கொடுத்து அவரைத் தாக்குப்பிடிக்க வைத்தார். விமானம் இறங்கியதும் நேராக மருத்துவமனை. நினைவு திரும்பாமலே நாட்கள் கழிந்தன.

நினைவு திரும்பியபோது உடம்பு அசையவில்லை, பேச்சும் இல்லை. தலையில் பட்ட அடியால் மூளையில் உடம்பை இயக்கும் பகுதிகள் சிதைந்துபோயிருந்தன. ஆனால் புத்தி முழுசாக இருந்தது. எதிரே இருப்பவர் பேசுவது கேட்கும், புரியும். பதில் சொல்ல மட்டும் வழியில்லை. 24 வயது.

இனி மூன்றாவது கேள்விக்கு வருகிறேன், அணி என்ன செய்தது? சீசன் முடிந்தது, சம்பளம் நின்றது. அவ்வளவுதான். ஒப்பந்தங்கள் அன்று சீசனுக்குச் சீசன் போடப்பட்டவை. ஆட முடியாதவருக்கு அடுத்த சீசனில் பணம் கொடுக்கும் கட்டாயம் எதுவும் அவற்றில் இல்லை. வீரர்களுக்கு மருத்துவக் காப்பீடு இல்லை, ஓய்வூதியம் இல்லை. ஹாரிசன் சகோதரர்கள் அதே ஆண்டு அணியையும் விற்றுவிட்டார்கள். இதைக் கொடூரம் என்று சொல்லத் தோன்றுகிறது. ஆனால் ராயல்ஸ் நிர்வாகத்தைத் தனியாகக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றினால் லீக் தப்பித்துக்கொள்ளும்; எட்டு அணிகளிலும் ஏறக்குறைய இதே நிலைதான். வீரர்கள் சங்கம் 1954இலேயே பாப் கூசி முயற்சியில் உருவாகிவிட்டது, ஆனால் நிர்வாகங்கள் அதை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. 1964 ஜனவரியில் பாஸ்டனில், தொலைக்காட்சி காத்திருக்க, லீக்கின் நட்சத்திரங்கள் மோதும் ஆல்ஸ்டார் ஆட்டத்துக்கு இறங்க மாட்டோம் என்று வீரர்கள் உடை மாற்றும் அறையிலேயே உட்கார்ந்துகொண்ட பிறகுதான் ஓய்வூதியத்துக்கு வாக்குறுதி கிடைத்தது.

ஸ்டோக்ஸுக்கு வங்கியில் கொஞ்சம் சேமிப்பு இருந்தது. அதை எடுக்க அவருடைய கையெழுத்து வேண்டும். கையெழுத்துப் போட விரல் அசையவில்லை. மருத்துவமனைக் கட்டணமோ நாளுக்கு நாள் ஏறிக்கொண்டிருந்தது. பெற்றோர் பிட்ஸ்பர்க்கில் இருந்தார்கள். அந்தச் செலவைத் தாங்கும் வசதி அவர்களுக்கு இல்லை. யாராவது ஒருவர் சின்சினாட்டி நீதிமன்றத்துக்குப் போய், இவருக்கு நான் சட்டப்படியான காப்பாளர் என்று எழுதிக் கொடுத்தால்தான் எந்தக் காகிதமும் நகரும். இரண்டாவது கேள்விக்கான பதில் இங்கே தொடங்குகிறது: டுவைமன் எழுதிக் கொடுத்தார். அவருக்கு அப்போது வயது 23. ஏன் நீங்கள் என்று பிற்காலத்தில் கேட்டவர்களுக்கெல்லாம் அவர் சொன்ன பதில் ஏறக்குறைய ஒன்றுதான்: யாராவது செய்தாக வேண்டியிருந்தது, அங்கே இருந்தவன் நான்.

இருவரும் உயிர் நண்பர்கள் என்று எழுதுகிறவர்கள் உண்டு. நல்ல பழக்கம் உண்டு, அவ்வளவே. ஒருவர் கறுப்பர், மற்றவர் வெள்ளையர். சில ஊர்களில் கறுப்பின வீரருக்கு உணவகத்தில் தட்டு வைக்க மறுத்த காலம் அது. களத்துக்கு வெளியே இரண்டு உலகங்களும் அதிகம் உரசிக்கொள்வதில்லை. நெருக்கம் வந்ததெல்லாம் விபத்துக்குப் பிறகுதான். எனக்கு இதுதான் கூடுதல் வியப்பு. நெருங்கிய நண்பனுக்குச் செய்வதில் ஒரு கட்டாயம் இருக்கிறது. உடன் வேலை பார்த்தவருக்கு வாழ்நாள் பொறுப்பை ஏற்றுக்கொள்ள அப்படி எந்தக் கட்டாயமும் இல்லை.

டுவைமன் செய்தவற்றில் பலன் அதிகம் தந்தது, பத்திரிகைகள் குறைவாகப் பேசும் ஒன்று. களத்தில் விழுந்தது வேலை செய்யும்போது நேர்ந்த விபத்து. ஆகவே ஆலைத் தொழிலாளிக்குக் கிடைக்கும் இழப்பீடு கூடைப்பந்து வீரருக்கும் கிடைக்க வேண்டும் என்று ஒஹையோ மாநிலத்தின் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தின் கீழ் வாதாடினார். வென்றார். உருக்காலைத் தொழிலாளியின் மகனுக்கு, உருக்காலைத் தொழிலாளிகளுக்கான சட்டம் கைகொடுத்தது. மனம் உருகி நன்கொடை கொடுப்பவர்கள் ஓரிரு ஆண்டில் ஓய்ந்துவிடுவார்கள். சட்டப்படி வரும் பணம் மாதந்தோறும் வந்துகொண்டிருக்கும்.

பேச்சுக்கு ஒரு வழி கண்டுபிடித்ததும் அவர்தான். கட்டிலருகே உட்கார்ந்து ஆங்கில எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே போவார். வேண்டிய எழுத்து வந்ததும் ஸ்டோக்ஸ் கண்ணிமைப்பார். அந்த எழுத்தைக் குறித்துக்கொண்டு மறுபடி முதலிலிருந்து. தண்ணீர் வேண்டும் என்று சொல்லவே எத்தனை முறை அகரவரிசையை ஓட்ட வேண்டும் என்று ஒரு தடவை உட்கார்ந்து செய்து பாருங்கள். வருடக்கணக்கான உடற்பயிற்சி சிகிச்சையில் விரல்கள் கொஞ்சம் இளகின. தட்டச்சு இயந்திரத்தின் விசைகளை ஒவ்வொன்றாக அழுத்த முடிந்தது. அப்படித் தட்டிய முதல் வரிகளில், டுவைமனுக்கு எப்படி நன்றி சொல்வேன் என்று கேட்டிருந்தார். பேச்சும் ஓரளவு திரும்பியது, பழகியவர்களுக்குப் புரியும் அளவுக்கு. ஸ்டோக்ஸ் சும்மா படுத்திருக்கவில்லை என்பதை இங்கே அடிக்கோடிட வேண்டும். வலியோடு, தினமும், மணிக்கணக்கில் பயிற்சி செய்தார். அவரிடம் போய் வந்தால் நமக்குத்தான் தெம்பு வருகிறது என்று டுவைமன் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார். மரியாதைக்காகச் சொன்ன பேச்சாக அது எனக்குப் படவில்லை.

இழப்பீடு போதாதபோது நிதி திரட்டுவதற்காக 1958இலேயே ஓர் ஆட்டம் தொடங்கியது. இடம், நியூயார்க் மாநிலத்தின் கேட்ஸ்கில் மலைப்பகுதியில் மான்டிசெல்லோ ஊரில் இருந்த கட்ஷர்ஸ் விடுதி. யூதக் குடும்பங்கள் கோடைக்குத் தங்க வரும் விடுதிகள் நிறைந்த பகுதி அது. உரிமையாளர் மில்டன் கட்ஷருக்குக் கூடைப்பந்தில் தீராத மோகம். வில்ட் சேம்பர்லின் பள்ளி மாணவராக இருந்தபோது கோடையில் அங்கே பெட்டி தூக்கும் வேலை பார்த்தவர். நட்சத்திரமானபிறகு ஸ்டோக்ஸுக்கான ஆட்டத்துக்கு ஆண்டுதோறும் தவறாமல் வந்தார். லீக்கின் பெரிய பெயர்களும் கூலி வாங்காமல் வந்து ஆடினார்கள். ஸ்டோக்ஸ் காலமானபின்னும் வேறு முன்னாள் வீரர்களின் உதவிக்காக அந்த ஆட்டம் தொடர்ந்தது. பிற்காலத்தில் காப்பீட்டுச் சிக்கல்களால் இன்றைய வீரர்கள் ஆட முடியாமல்போய், கோல்ஃப் போட்டியாக மாறியது.

இதற்கிடையே டுவைமன் ஆட்டத்தையும் விடவில்லை. ஸ்டோக்ஸ் இல்லாத ராயல்ஸ் 1958-59இல் 19 ஆட்டங்களில் வென்று 53இல் தோற்றது. அப்படிப்பட்ட அணியில் இருந்துகொண்டு மறு சீசனில் டுவைமனின் சராசரி 31.2 புள்ளிகள். அதுவரை என்.பி.ஏ.யில் 30ஐத் தாண்டியவர் யாருமில்லை; அதே சீசனில் சேம்பர்லினும் தாண்டியதால் பெருமை பங்காகிவிட்டது.

ஸ்டோக்ஸ் 1970 ஏப்ரல் 6 அன்று மாரடைப்பால் காலமானார். வயது 36. தன்னை லொரெட்டோவில், செயின்ட் பிரான்சிஸ் வளாகத்தின் துறவியர் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்ய வேண்டும் என்று அவரே கேட்டிருந்தார்; அப்படியே செய்தார்கள். அதற்கு ஒரு மாதம் கழித்து நியூயார்க்கில் இறுதிப் போட்டியின் ஏழாவது ஆட்டம் நடந்தது. காயம்பட்ட நிக்ஸ் வீரர் வில்லிஸ் ரீட் நொண்டியபடி களத்துக்கு வருகிற காட்சி அமெரிக்க விளையாட்டு வரலாற்றில் நிலைத்துவிட்டது. அதைத் தொலைக்காட்சியில் முதலில் கண்டு அறிவித்த வர்ணனையாளர் ஜாக் டுவைமன். ஆட முடியாத நிலையில் ஒருவர் ஆட வருவதைப் பார்த்து ஊரே கைதட்டியபோது அவர் மனதில் என்ன ஓடியிருக்கும் என்று யோசித்திருக்கிறேன்.

கூடைப்பந்தின் பெரியவர்களுக்கான கௌரவப் பட்டியலான ஹால் ஆஃப் ஃபேமில் டுவைமனுக்கு 1983இல் இடம் கிடைத்தது. ஸ்டோக்ஸுக்கு 2004இல். 21 ஆண்டு தாமதம். மூன்றே சீசன் ஆடியவரை எப்படிச் சேர்ப்பது என்பதுதான் தயக்கம். ஸ்டோக்ஸின் சார்பில் அந்த மேடையேறி ஏற்றுக்கொண்டவரும் டுவைமனே. அவர் 2012இல் மறைந்தார். மறு ஆண்டிலிருந்து என்.பி.ஏ. இருவர் பெயரிலும் சிறந்த சக வீரருக்கான விருதைக் கொடுக்கிறது. முதலில் பெற்றவர் சான்சி பில்லப்ஸ். நல்ல விருதுதான். ஆனால் இருபெயரில் ஒருவர் உதவியவராகவும் மற்றவர் உதவி பெற்றவராகவும் உறைந்துபோய்விட்டார்கள். ஸ்டோக்ஸ் பெயரில் முழுமையான ஆட்டத்திறனுக்கு ஒரு விருது வைத்திருந்தால் அதுதான் பொருத்தமாக இருந்திருக்கும் என்பது என் எண்ணம்.

ஆகவே அனுதாபத்தால் ஏறிய மதிப்பா என்று கேட்டவர்களுக்குக் கணக்கு இதோ. ஸ்டோக்ஸ் ஆடிய மூன்று சீசன்களை மட்டும் தனியே எடுத்துக்கொள்ளுங்கள். ஆடியவை 202 ஆட்டங்கள். அந்த மூன்று ஆண்டுகளில் லீக்கிலேயே அதிக ரீபவுண்டுகள் எடுத்தவர் அவர்: 3,492. அதே மூன்று ஆண்டுகளில் அசிஸ்டுகளில் அவருக்கு முன்னால் நின்றவர் ஒரே ஒருவர், பந்தைக் கைமாற்றுவதற்கென்றே பிறந்தவர் என்று பெயரெடுத்த பாஸ்டனின் பாப் கூசி. மூன்று முறையும் ஆல்ஸ்டார், மூன்று முறையும் லீக்கின் சிறந்த இரண்டாம் ஐவர் அணியில் இடம். சராசரி 16.4 புள்ளிகள், 17.3 ரீபவுண்டுகள், 5.3 அசிஸ்டுகள். இவை எல்லாம் அவர் விழுவதற்கு முன்பே எழுதப்பட்டுவிட்டவை. 1960இல் ஆஸ்கர் ராபர்ட்சன் அதே ராயல்ஸுக்கு வந்தார். ஸ்டோக்ஸுக்கு அப்போது 27 வயதுதான் ஆகியிருக்கும். ராபர்ட்சன், டுவைமன், ஸ்டோக்ஸ் மூவரும் ஒரே அணியில் ஆடியிருந்தால் பாஸ்டனின் 11 பட்டங்களில் எத்தனை குறைந்திருக்கும் என்பது சின்சினாட்டிக்காரர்களின் நிரந்தர வாக்குவாதம். என்னைக் கேட்டால் இரண்டு பட்டங்களாவது குறைந்திருக்கும் என்பேன்.